வழி சொல்லுத உத்தியோகம்

ஏலே மக்கா, இங்கன வந்து உக்காரு. அந்த ஃபோனக் கவுத்து வையி. அஞ்சு நிமிசத்துல ஒலகம் ஒண்ணும் முங்கிப் போயிராது. முங்குனா மொதல்ல ஒன்னயத்தான் எழுப்புவானுக, அது எனக்குத் தெரியும்.

போன வெள்ளிக்கிழமை கயத்தாறுக்குப் பொண்ணு பாக்கப் போனமே, அங்க நடந்த கூத்துக்குத்தான் இந்தப் பேச்சு. பொண்ணுக்கு அப்பா நல்ல மனுசன். கேசரியும் நல்லாத்தான் இருந்துச்சு. மாப்பிள்ளைக்கு என்ன சோலின்னு மரியாதையாத்தான் கேட்டாக. நீ வாயத் தொறந்த பாரு! "சீனியர் நெட்வொர்க் ரூட்டிங் ஆர்க்கிடெக்ட், பேக்போன் அண்ட் டிரான்ஸ்போர்ட்." அந்த மனுசன் பாவம், ஏம் மூஞ்சியப் பாத்தாக. நான் மேல சுத்துற ஃபேனப் பாத்தேன். பொறவு பைய, "ரூட்டுன்னா... மதுரை ரூட்டா தம்பி, தூத்துக்குடி ரூட்டா?"ன்னு கேட்டாக. உள்ள பொம்பளையாளுக சிரிச்சது ஒனக்குக் கேட்டுச்சோ இல்லயோ, எனக்குக் கேட்டுச்சு.

ஒனக்குக் கோவம் பொத்துக்கிட்டு வந்துட்டு. வண்டியில வாரப்ப "வெவரம் கெட்ட சனங்க"ன்னு மொனங்குன. ஏம்லே, அவுக கேட்டதுல என்ன குத்தம்? சரியாத்தான கேட்டாக? பஸ் ஸ்டாண்டுல டைம் கீப்பர் என்ன செய்யுதான்? எந்த வண்டி எப்பப் போகணும், எந்த ரோட்டுல போகணும், ரோட்ட மறிச்சுப் போட்டுருந்தா எதச் சுத்திப் போகணும்னு சொல்லுதான். நீயும் அதத்தான செய்யுத? அவன் தகரக் கொட்டாயில வேர்த்துக்கிட்டுச் சொல்லுதான். நீ பெங்களூர்ல ஏசியில சொல்லுத. அம்புட்டுத்தான வித்தியாசம்?

இந்தக் கெழவனுக்கு என்ன தெரியும்னு நெனைக்காத. டெலிபோன் இலாகாவுல 34 வருசம் லைன்மேன். எந்தக் கம்பத்துல எந்தக் கொக்கி ஆடும்னு இருட்டுல சொல்லுவேன். நீ ஸ்கிரீன்ல பச்சைக் கோடா பாக்குதியே, அந்தக் கோட்டத் தோள்ல தூக்கிச் சொமந்தவன்லே நான்.

ஒன் கதைக்கு வாரேன். நீ படிச்சது கரண்டு. ட்ரிபிள் ஈ. நாலு வருசம் மோட்டாரு, ஜெனரேட்டரு, டிரான்ஸ்பார்மருன்னு மண்டைய ஒடச்ச. ஒங்க ஆச்சி, பேரன் மின்வாரியத்துல சேந்து ஊருக்கு மூணு ஃபேஸ் கொண்டாருவான்னு பிள்ளையாருக்கு வெடலை போட்டா. நீ என்னடான்னா கேம்பஸ்ல எவனோ கூப்பிட்டான்னு டெலிகாமுக்குப் போயிட்ட. போன பொங்கலுக்கு வீட்டுல ஃப்யூஸ் போச்சு. எலக்ட்ரீசியனுக்கு ஃபோன் போட்டது யாரு? நீதான்! ஆச்சி என்னயப் பாத்தா. நான் அப்பவும் ஃபேனத்தான் பாத்தேன். அது கரண்டு இல்லாம நின்னுக்கிட்டு இருந்துச்சு.

போகட்டும், அதுல ஒரு வெக்கமும் இல்ல. கரண்டு படிச்சுட்டு வழி சொல்லப் போனவன் நீ மொத ஆளு இல்ல. பால் பாரன்னு ஒருத்தரு. 1926ல போலந்துல பொறந்து, சின்னப்புள்ளையிலயே அமெரிக்கா போனவரு. ஒன்னய மாதிரி எலக்ட்ரிக்கல் படிப்புதான். அணுகுண்டு விழுந்தாலும் சேதி போய்ச் சேரணும், அதுக்கு என்ன வழின்னு கேட்டாக. அவரு, நடுவுல பெரிய எக்ஸ்சேஞ்சு எதுக்கு, வலை மாதிரிப் பின்னுங்கன்னாரு. ஒரு முடிச்சுக்கு மூணு நாலு கயிறு இருந்தாப் போதும், பாதி வலை அந்தாலும் மீன் தப்பாது. சேதியத் துண்டு துண்டா வெட்டு. கையில வந்தத சூடான கெழங்கு மாதிரி வச்சிருக்காம அடுத்தவன் கையில தள்ளு. அதுக்கு அவரு வச்ச பேரே சூட்டுக் கெழங்குதான். 1964ல கட்டுக்கட்டா எழுதிக் கொடுத்தாரு. அந்த ஊரு பெரிய டெலிபோன் கம்பெனி ஏ.டி. அண்ட் டி. என்ன செஞ்சாக? இது ஆகாத காரியம்னு தள்ளிவிட்டாக. இப்ப நீ திங்குத சோறு அந்தக் கெழங்குல வெளஞ்சதுதான்.

எங்க காலத்துல வழி சொன்னது பொம்பளப்புள்ளைக. காதுல குழாய மாட்டிக்கிட்டு வரிசையா உக்காந்திருக்கும். கோவில்பட்டியில இருந்து டெல்லிக்குப் பேசணும்னா டிரங்கால் பதியணும். நம்மூர்ப் பொண்ணு மதுரையக் கூப்பிடும். மதுரை மெட்ராஸக் கூப்பிடும். மெட்ராஸ்காரி டெல்லியக் கூப்பிடுவா. ஒரு பக்கம் லைன் நெறஞ்சு கெடந்தா, "யக்கா, பெங்களூர் வழியாப் போட்டுப் பாக்கட்டா?"ன்னு ஒருத்தி ரோசனை சொல்லுவா. இதுக்குப் பேரு இப்ப ரீரூட்டாம். சாதாக் கால், அவசரக் கால், மின்னல் கால்னு மூணு தினுசு உண்டு. மின்னல் காலுக்குக் காசு பல மடங்கு. இத நீ டிராஃபிக் பிரையாரிட்டின்னு மூணு நாள் ட்ரெய்னிங் போயிப் படிச்சுட்டு வந்த. நம்மூர்ப் பொண்ணு மூணு நிமிசத்துல படிச்சா. 1960ல லக்னோவுக்கும் கான்பூருக்கும் நடுவுல ஆளு இல்லாம நேராச் சுத்திப் பேசுத எஸ்.டி.டி. வந்துச்சு. நம்ம பக்கம் வாரதுக்குள்ள எனக்கு மீசை நரைச்சுட்டு.

அந்தப் புள்ளைக வேலைக்கு ஒல வச்சது யாருன்னு தெரியுமா? எஞ்சினியருன்னு நெனச்சியா? பொணத்த அடக்கம் பண்ணுத கடைக்காரரு! அமெரிக்காவுல கான்சாஸ் சிட்டி, ஸ்ட்ரோஜர்னு பேரு. எழவு விழுந்த வீட்டுல இருந்து தனக்கு வாரக் காலையெல்லாம், எக்ஸ்சேஞ்சுல இருந்த பொம்பள போட்டிக் கடைக்காரனுக்குத் திருப்பி விடுதாள்னு மனுசனுக்குச் சந்தேகம். அவ அந்தப் போட்டிக்காரன் பெஞ்சாதின்னும் சொல்லுவாக. கதையோ நெசமோ, வயித்தெரிச்சல்ல அவரு ஒரு மிசினுக்கு ரோசனை பண்ணி 1891ல பேட்டன்ட்டு வாங்கிட்டாரு. மறு வருசம் இண்டியானாவுல லா போர்ட்டுங்கிற ஊர்ல எக்ஸ்சேஞ்சே ஓடுச்சு. நம்பர் அஞ்சச் சுத்துனா அஞ்சு துடிப்பு. அஞ்சு படி ஏறும் ஒரு கம்பி. அந்த வகை மிசின் இருந்த ரூமுக்குள்ள நான் நின்னுருக்கேன். முறுக்குப் புழியுத எடத்துல மழை பெஞ்ச மாதிரி கடகடகடன்னு சத்தம். எவன் எவனுக்குப் பேசுதான்னு தெரியாது, ஆனா ஊரு முழிச்சிருக்கா தூங்குதான்னு காதுலயே தெரியும். ஒன் ரூம்ல என்ன தெரியும்? ஃபேன் இரையுதது தெரியும்.

கணக்குப் போட்டுத்தான் நெட்வொர்க்க டிசைன் பண்ணுதோம்னு அன்னைக்கு ஒங்க மாமாகிட்டப் பீத்துன. கணக்கு வேணும்தான், நான் வேண்டாம்னா சொன்னேன்? ஊர்ல ஆயிரம் வீட்டுக்கு ஃபோன் இருக்கு. அடுத்த ஊருக்கு எத்தன லைன் இழுக்கணும்? ஆயிரமா? கல்யாணத்துக்கு ஆயிரம் பேரு வாராகன்னா ஆயிரம் எலையவா ஒரே நேரத்துல விரிக்க? பந்தி வைக்கமா இல்லயா? ஒரு பந்திக்கு நூறு எல. ஒருத்தன் திங்க இருவது நிமிசம். கூட்டம் எப்ப நெரியும், எத்தன பேரு எடம் இல்லாம மொகத்தச் சுழிச்சுட்டுத் திரும்புவாகன்னு நம்மூர் தவசுப்பிள்ளை பந்தல்ல நின்னு ஒரு பார்வை பாத்துச் சொல்லிருவாரு. இதையே கணக்கா எழுதிக் காட்டுனவரு டென்மார்க்குக்காரரு எர்லாங். கோப்பன்ஹேகன் டெலிபோன் கம்பெனியில வேலை பாத்தாரு. 1909ல மொதக் கட்டுரை, 1917ல லைன் எத்தன வேணும்ங்கிற சூத்திரம். நூறு வருசம் தாண்டியும் கால் சென்டர்ல எத்தன ஆளு உக்கார வைக்கணும்னு அத வச்சுத்தான் பாக்கானுக. போனு நெரிசல அளக்குத அளவுக்கே அவரு பேரு.

ஆனா எனக்கு அந்த மனுசனப் புடிச்சதுக்குக் காரணம் சூத்திரம் இல்ல. ஏணியத் தூக்கிக்கிட்டு ஒரு ஆளு கூட வர, கோப்பன்ஹேகன் தெருவுல கேபிள் குழிக்குள்ள தானே எறங்கி அளந்தவராம் அவரு. கணக்கு வாத்தியாரு குழிக்குள்ள எறங்கிருக்காரு! நீ கடைசியா எப்பக் குழிக்குள்ள எறங்குன? போட்டோ எடுக்கத் தலையில மஞ்சத் தொப்பி மாட்டுனியே, அதச் சேக்காத.

இப்ப ஒன் சோலியோட நடு மடிக்கு வாரேன். ஒங்க ரூட்டருக ஒண்ணுக்கொண்ணு பேசி வழி கண்டுபிடிக்குன்னு சொல்லுவியே, அது வேற ஒண்ணும் இல்ல, தண்ணிக் கொழாயடிதான். 1969ல அமெரிக்காவுல அர்ப்பாநெட்டுன்னு ஆரம்பிச்சாகள்ல, அதுல மொதல்ல வச்ச முறையே ஊர் வம்பு முறைதான். ஒவ்வொருத்தரும் பக்கத்து வீட்டுக்காரன்கிட்ட, "இன்ன எடத்துக்கு என்கிட்ட இருந்து இத்தன தூரம்"னு சொல்லணும். அவன் அதுல தன் தூரத்தையும் கூட்டி அவனுக்கு அடுத்தவன்கிட்டச் சொல்லுவான். யாரும் போய்ப் பாக்குததில்ல. கேட்டதச் சொல்லுதது.

அதுல என்ன வினை வரும்? கேளு. கீழத்தெருக் கடையில கருப்பட்டி விக்கான். ஒனக்கு அது ஒரு தெரு. பக்கத்து வீட்டு மாரியப்பன்கிட்டச் சொன்ன, அவன் தனக்கு ரெண்டு தெருன்னு வச்சுக்கிட்டான். மறுநாள் கடைய மூடிட்டான். நீ போய்ப் பாத்துட்டு வெறுங்கையா வார. மாரியப்பன் சொல்லுதான், "எனக்கு ரெண்டு தெருவுல கருப்பட்டி இருக்குலா!" அட, இவனுக்கு வேற கடை தெரியும் போலன்னு நீ உனக்கு மூணு தெருன்னு எழுதிக்கிடுத. நீ மூணுன்னதும் அவன் நாலுங்கான். அவன் நாலுன்னதும் நீ அஞ்சுங்க. இல்லாத கடைக்கு ரெண்டு பேரும் வழி சொல்லிக்கிட்டே திரியுதீக! அவன் தெரிஞ்சுக்கிட்டதே ஒன்கிட்ட இருந்துதான்னு ஒனக்கு ஒறைக்கல. இந்தக் கிறுக்குக்கு ஒரு முடிவு வேணும்னு, பதினஞ்சுக்கு மேல போனா வழியே இல்லன்னு வச்சுக்கன்னு ரிப்புங்கிற முறையில விதி போட்டாக. அதுல பதினாறுன்னா முடிவில்லாத தூரம். நம்மூர்ல பதினாறும் பெறணும்னு வாழ்த்துதோம். அங்கன பதினாறு வந்தா ஆளு காலி.

இன்னொரு விதியும் போட்டாக. ஒருத்தன்கிட்டக் கேட்ட சேதிய அவன்கிட்டயே திருப்பிச் சொல்லாத. ஸ்பிளிட் ஹொரைசன்னு அதுக்கு ஒரு பேரு. ஏம்லே, இத எங்க ஆத்தா எனக்கு ஆறு வயசுல முதுகுல ரெண்டு வச்சு சொல்லிக் கொடுத்துட்டாளே! அதுக்கு நீ பரீச்சை எழுதிச் சான்றிதழ் வாங்கி, கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டிருக்க.

வம்பு முறை சரிப்படலைன்னு 1979ல அர்ப்பாநெட்டுக்காரன் மாத்துனான். ஒனக்கு நேரா தெரிஞ்ச பக்கத்து வீட்டப் பத்தி மட்டும் சொல்லு, ஆனா அத ஊரு முழுக்கச் சொல்லு. படத்த அவனவன் போட்டுக்கிடட்டும். இதுதான ஞாயம்? படம் போட்ட பொறவு குறுக்கு வழி பாக்க ஒரு கணக்கு வேணும். அத 1956லயே டைக்ஸ்ட்ரான்னு ஒரு டச்சுக்காரரு போட்டு வச்சுட்டாரு. கட்டிக்கப் போற பொண்ணோட ஆம்ஸ்டர்டாம்ல கடை கடையா ஏறி எறங்கி அலுத்துப்போயி, ஒரு காப்பிக்கடையில உக்காந்தாரு. ரோட்டர்டாம்ல இருந்து குரோனிங்கனுக்கு எது குறுக்கு வழின்னு மனசுக்குள்ள ஓடிருக்கு. காகிதமும் இல்ல, பென்சிலும் இல்ல. இருவது நிமிசத்துல முடிச்சுட்டாரு. பொண்ணோட போன எடத்துல அவரு ஒலகத்துக்கு வழி கண்டுபிடிச்சாரு. நீ பொண்ணு பாக்கப் போன எடத்துல ஒன் வேலைக்குப் பேரு சொல்லத் தெரியாம முழிச்ச.

ஊருக்குள்ள வழி சொல்ல இது போதும். ஒரு ஊருக்கும் இன்னொரு ஊருக்கும்? அதாவது ஒரு கம்பெனிக்கும் இன்னொரு கம்பெனிக்கும்? அங்க பி.ஜி.பி.ன்னு ஒண்ணு சொல்லுவியே, சாமி பேரு சொல்லுத மாதிரி குரலத் தாழ்த்திக்கிட்டு. அது பொறந்த எடம் தெரியுமா? 1989ல டெக்சாஸ், ஆஸ்டின் நகரம். கூட்டத்துக்கு வந்த ரெண்டு பேரு, லஹீடு ஒருத்தரு, ரெக்டர் இன்னொருத்தரு, சாப்பாட்டு மேசையில கை தொடைக்குத காகிதத்துல எழுதுனது. நம்மாளு அந்த நேரத்துல அப்பளத்துக்குச் சண்டை போட்டுருப்பான். இன்னைக்கு வரைக்கும் ஒலகத்து இண்டர்நெட் பூராவும் அந்தத் துடைப்புக் காகிதத்துலதான் ஓடுது. நீ ஒரு வயரு மாத்த அறுவது ஸ்லைடு போடுத!

அந்தக் காகிதத்துல ஒரு ஓட்டை. பக்கத்து ஊர்க்காரன் என்ன சொன்னாலும் நம்பிருவாக. 2008 பிப்ரவரி 24. பாகிஸ்தான் அரசாங்கம் யூடியூப அவுக நாட்டுல அடைக்கச் சொல்லுச்சு. பாகிஸ்தான் டெலிகாம்காரன் யூடியூப்புக்கு வழி என் வீட்டுப் பக்கம்தான்னு ஒரு போர்டு எழுதுனான். உள்ளூர்ல மாட்ட எழுதுன போர்டு. அது தவறி வெளியூருக்குப் போயிட்டு. அதுவும் எப்படி எழுதிருந்தான்? ரெண்டு பஸ்ஸு நிக்கு. ஒண்ணுல 'மதுரை'ன்னு போட்டிருக்கு. இன்னொண்ணுல 'மதுரை, மீனாச்சி கோயில், கெழக்கு வாசல்'னு போட்டிருக்கு. கோயிலுக்குப் போறவன் எதுல ஏறுவான்? ரூட்டருக்கும் அதே புத்திதான், நுணுக்கமாச் சொல்லுதவன் பின்னாடி போகும். ஒலகத்துச் சனம் பூராவும் யூடியூப்புன்னு நெனச்சு பாகிஸ்தான் சுவத்துல போயி முட்டுச்சு. ரெண்டு மணி நேரம் போல ஆச்சு சரியாக. இப்ப போர்டு எழுதுனவன் அந்த வீட்டுக்காரன்தானான்னு முத்திரை வச்சுப் பாக்க ஏற்பாடு பண்ணிருக்கானுக. வில்லங்கம் பாக்காம பத்திரம் பதியக்கூடாதுன்னு நம்மூரு ரைட்டரு சொல்லிக்கிட்டே இருந்தாரு.

நம்ம நாட்டுக் கூத்தையும் கேளு. வெளிச்சம் கண்ணாடி இழைக்குள்ள செகண்டுக்கு ரெண்டு லட்சம் கிலோமீட்டர் ஓடுதாம். ஓடட்டும். மெட்ராஸ்ல ஒரு கம்பெனி இணைப்பு வச்சிருக்கவன், அதே தெருவுல இன்னொரு கம்பெனி இணைப்பு வச்சிருக்கவனுக்கு மெயில் போட்டா, அது கடலத் தாண்டி வெளிநாடு போயித் திரும்பி வந்த காலம் உண்டு. பங்காளி ரெண்டு பேரும் பேச்சுவார்த்தை இல்லாம, சிங்கப்பூர் மாமன் மூலமா "உப்பு இருக்கா"ன்னு கேக்குத மாதிரி. அதுக்கும் டாலர்ல காசு. 2003ல நிக்சின்னு ஒரு பொதுத் திண்ணை கட்டி, உள்ளூர்ச் சரக்க உள்ளூர்லயே மாத்திக்கிடுங்கன்னாக. திண்ணை கட்டணும்னு தோண எத்தன படிப்பாளி தேவைப்பட்டான் பாரு.

சாம் பித்ரோடாவும் ஒன் சாதிதான். எலக்ட்ரிக்கல் படிக்க 1964ல அமெரிக்கா போனவரு. அங்க போறதுக்கு முன்னால ஃபோன் பேசுனதே இல்லன்னு அவரே சொல்லிருக்காரு. 1984ல இங்கன சி-டாட்ட ஆரம்பிச்சாக. வெளிநாட்டு எக்ஸ்சேஞ்சு பூராவும் ஏசி கேக்கும். ஏசிக்குக் கரண்டு கேக்கும். கரண்டு நம்மகிட்ட எங்க இருந்துச்சு? அவுக செஞ்ச கிராமத்து எக்ஸ்சேஞ்சு 128 லைன். தூசியத் தாங்கும், சூட்டையும் தாங்கும். ஏசி வேண்டாம். 1986ல கர்நாடகத்துல கித்தூர்ல மொத மிசினு வச்சாக. அந்த ரகம் நம்ம பக்கம் வந்தப்ப நான் கூட நின்னு தூக்கி வச்சிருக்கேன். பஞ்சாயத்து ஆபீஸ் பக்கத்து ரூம்ல, மேல பல்லி, கீழ நெல்லு மூட்டை. அது பாட்டுக்கு ஓடுச்சு. அதக் கட்டுனவன் எவனும் தன்னைய ஆர்க்கிடெக்ட்டுன்னு சொல்லிக்கிடல.

ஒனக்கு மட்டும் பேரு எதுக்கு இம்புட்டு நீளம்? மொத வருசம் எல்-ஒண்ணு. ராத்திரி ஷிப்டு. செவப்பு விளக்கு எரிஞ்சா எல்-ரெண்ட எழுப்பணும். ரெண்டாவது வருசம் எல்-ரெண்டு. ஒன்னய எழுப்புவான், நீ எல்-மூண எழுப்பணும். எல்லாருமா முழிச்சு உக்காந்து கான்பரன்ஸ் போட்டுப் பேசிக்கிட்டு இருக்கப்ப, சாத்தூர் பக்கம் ஒருத்தன் சத்தமில்லாம கேபிள ஒட்டிட்டு டீ குடிக்கப் போயிருப்பான். விளக்கு பச்சையாகும். ஒடனே 'டீம் எஃபர்ட்டு'ன்னு மெயிலு வரும். அந்த மெயிலுல ஒட்டுனவன் பேரு இருக்கா? தேடிப் பாத்துச் சொல்லு.

சான்றிதழ் கத இன்னும் மோசம். எட்டு மணி நேரம் உக்கார வச்சு பரீச்சை வைக்கான், சரி, பாஸ் பண்ணுனது கெட்டிக்காரத்தனம்தான். அதுக்கு மூணு வருசம் கெடுவாமே! பால் பாக்கெட்டா அது? தேதி முடிஞ்சா அறிவு திரிஞ்சு போயிருமா? எனக்குக் கம்பத்துல ஏறக் கத்துக்கொடுத்தவரு எழுவது வயசுலயும் மறக்கல.

ஒங்க ஆளுகள்லயும் சிரிக்கத் தெரிஞ்சவன் இருக்கான், அதையும் சொல்லிருதேன். 1990ல ஏப்ரல் ஒண்ணாந் தேதி ஒருத்தரு, இண்டர்நெட் சேதியப் புறாக் காலுல கட்டி அனுப்புத முறைன்னு சட்டதிட்டத்தோட எழுதி விட்டாரு. முட்டாள் தின வெளையாட்டு. 2001ல நார்வேயில பெர்கன் நகரத்துப் பயலுக அத நெசமாவே செஞ்சு பாத்துட்டானுக. ஒம்பது சேதி போச்சு, நாலுக்குத்தான் பதில் வந்துச்சு. ஒரு பதிலுக்கு ஒண்ணு ஒண்ணரை மணி நேரம் போல. மிச்சப் புறா எங்க போச்சோ. நம்மூரா இருந்தா எங்கன போயிருக்கும்னு சொல்லிருவேன்.

இந்த வேலையில நான் மதிக்குத விசயம் ஒண்ணு உண்டு. நீயே ஒருநா சொன்னதுதான். தூரத்து ஊரு ரூட்டர்ல கைய வைக்கப் போறதுக்கு முன்னால, பத்து நிமிசத்துல நீயாத் தூங்கி எந்திரின்னு அதுக்குக் கட்டளை போட்டுட்டுத்தான் கை வைப்பேன்ன. நாம ஏதாவது தப்புப் பண்ணி வெளிய மாட்டிக்கிட்டா, அது தானே பழைய நெலமைக்கு வந்துரும். கெணத்துக்குள்ள எறங்குதவன் கயித்த மேல நிக்கவன்கிட்டக் கொடுத்துட்டு எறங்குத மாதிரி. அன்னைக்கு மனசுக்குள்ள, இவன் பொழச்சுக்கிடுவான்னு நெனச்சேன். 2021 அக்டோபர் 4ஆம் தேதி ஃபேஸ்புக்குக்காரன் அந்தக் கயித்தத்தான் கோட்ட விட்டான். பராமரிப்பு வேலையில ஒரு கட்டளை தப்பாப் போயி, அவுக முதுகெலும்புக் கம்பி மொத்தமும் அந்துச்சு. ஒலகத்துக்கு அவுக வீட்டு அட்ரஸே மறைஞ்சு போச்சு. தூரத்துல இருந்து உள்ள போக வழியில்ல. நேர்ல போனா, கட்டடத்துல காவல் பலம். ஆறு மணி நேரம் போல. சாவிய உள்ள வச்சுப் பூட்டிட்டு வாசல்ல நின்ன கதைதான்.

கடைசியா ஏன் கதை ஒண்ணு. ரிட்டயர் ஆன பொறவு ஒரு ஒப்பந்தக்காரர்கிட்ட கேபிள் குழி மேஸ்திரியா இருந்தேன்லா? அப்ப ஒரு கம்பெனிக்கு ரிங்கு போட்டோம். ரெண்டு பக்கமா கேபிள். ஒண்ணு அந்தா, 50 மில்லி செகண்டுல, கண்ணு சிமிட்டுதுக்குள்ள மத்ததுல மாறிரும்னு சொன்னாக. படத்துல ஒண்ணு செவப்பு, ஒண்ணு நீலம். பாக்க ரொம்ப அழகு. தரையில வந்து பாத்தா, ஒரு ஓடை குறுக்க வருது. பாலம் ஒண்ணுதான். செவப்பும் நீலமும் அந்தப் பாலத்துல ஒரே குழாய்க்குள்ள போகுது. நான் அந்த எஞ்சினியர் தம்பிகிட்டப் போயி, "சார், ரெண்டு மாட்டையும் ஒரே கயித்துல கட்டுனா ரெண்டு மாடுன்னு கணக்கா?"ன்னேன். "அது ரிங்குப் பெரியவரே, ஒங்களுக்குப் புரியாது"ன்னுட்டுப் போயிட்டாரு.

ஐப்பசி மழையில பாலத்தோட ஒரு ஓரம் இடிஞ்சுச்சு. அடைக்க வந்த பொக்லைன் மிச்சத்தையும் பாத்துக்கிடுச்சு. மெட்ராஸ்ல உக்காந்திருந்தவனுக்கு ஒரே கொழப்பம். ரெண்டு வழி இருக்கு, எப்படி ரெண்டும் ஒரே செகண்டுல போகும்னு மிசின் மேல பழி போடுதான், சாப்ட்வேர் மேல பழி போடுதான். விடிய விடிய மீட்டிங்கு. நான் ஓடைக் கரையில சாக்கப் போத்திக்கிட்டு நிக்கேன். என்கிட்ட ஒருத்தனும் கேக்கல. காலையில ஒட்டி முடிச்சப்ப, எனக்கு டீ வாங்கிக் கொடுத்தது அந்தப் பொக்லைன் டிரைவர்தான்.

ஆங், சொல்ல மறந்துட்டேன் பாத்தியா. நேத்து தரகர் வந்தாரு. கயத்தாறுல இன்னும் தட்டிக் கழிக்கல. அந்தப் புள்ள ஒரு கேள்வி கேட்டு விட்டுருக்காம். "ராத்திரி ரெண்டு மணிக்கு ஃபோன் வந்தா அவுகளே எந்திரிச்சுச் சரி பண்ணுவாகளா, இல்ல அடுத்த ஆள எழுப்பிட்டுத் தூங்கிருவாகளா?"ன்னு. வெவரமான புள்ள. ஒன் உத்தியோகத்த ஒன்னய விட நல்லாப் புரிஞ்சு வச்சிருக்கு. ஒங்க ஆச்சி ஒரேயடியாச் சம்மதிச்சுட்டா.

இன்னைக்குச் சாயங்காலம் நீயே அவுக அப்பாவுக்கு ஃபோன் போடு. ஆர்க்கிடெக்ட்டு, பேக்போனு ஒண்ணும் வேண்டாம். "சேதிக்கு வழி சொல்லுத வேலை மாமா, மாசம் இவ்வளவு சம்பளம், வாரத்துல ரெண்டு ராத்திரி முழிக்கணும்"னு சொல்லு. அந்தப் புள்ள கேட்டதுக்கும் உள்ளத உள்ளபடி பதில் சொல்லு.

பொறவு பெங்களூர் போனதும் ஒரு ஞாயித்துக்கிழமை வண்டிய எடுத்துக்கிட்டுப் போயி, ஒங்க ரெண்டாவது கேபிள் எந்தப் பாலத்துல போகுதுன்னு பாத்துட்டு எனக்கு ஒரு ஃபோன் போடு.